ஒற்றைக் கதவு லோரி

மலாயாவின் அவசரகாலம் என்றால் மற்றவர்கள் துப்பாக்கியைச் சொல்வார்கள், முள்வேலியைச் சொல்வார்கள். எனக்கு முதலில் ஞாபகம் வருவது என் வீட்டுக்காரரின் சட்டை. பிழிந்தால் உப்புத் தண்ணீராக வடியும். விடிந்ததும் போய்ப் பால்மரம் சீவிவிட்டு வந்து, சமைத்து, அதையும் துவைத்து மறுநாளைக்குக் காயப்போட வேண்டும். அந்தச் சட்டை ஒரு நாளாவது முழுசாகக் காய்ந்ததா என்று இப்போதும் சந்தேகம்தான்.

அவர் எங்கள் ரப்பர் தோட்டத்து லோரி டிரைவர். ஈஜோக்கிலிருந்து கோலசிலாங்கூர் போகும் பக்கம் எங்கள் தோட்டம். தண்ணீர் தேங்கும் நிலம். எங்கே திரும்பினாலும் பெரிய கால்வாய், கால்வாய்க்கு மேலே பலகைப் பாலம். நாங்கள் வேலை செய்த வெளிக்காட்டுக்குப் போக அப்படி ஒரு பாலத்தைத் தாண்ட வேண்டும். காட்டுக்குள் துப்பாக்கியோடு கம்யூனிஸ்ட் ஆட்கள் இருந்ததால் யாரும் நடந்து போகக்கூடாது என்று உத்தரவு. நாங்கள் குடியிருந்த லயத்து வாசலில் ஏறினால் மர நிரைக்குப் பக்கத்தில்தான் இறங்க வேண்டும். கூடவே காவலுக்கு ஒரு போலீஸ் சார்ஜனும் மலாய்க் கான்ஸ்டபிள்களும்.

அதற்கு முன்பு அது பாலும் விறகும் ஏற்றிய சாதாரண லோரி. முதல் பயத்தில் அதன் பக்கவாட்டில் மணல் மூட்டை அடுக்கினார்கள். பக்கத்துத் தோட்டத்து லோரியைச் சுட்ட பிறகு மூட்டை போய்ப் பலகைச் சுவர் வந்தது. இரண்டு பலகைக்கு நடுவே ஜல்லியைக் கொட்டினார்கள். பள்ளத்தில் விழுந்து எழும்போதெல்லாம் அந்த ஜல்லி எங்கள் மடியில் கொட்டும். கடைசியில் ராவாங் பட்டறையிலிருந்து ஒரு சீன ஃபிட்டர் வந்து எங்கள் பால் ஸ்டோரிலேயே தங்கி இரும்புத் தகடு அடித்தார். ஒரு தகட்டை மரத்தில் சாய்த்து வைத்துச் சார்ஜன் சுட்டுப் பார்த்தார். குண்டு துளைத்துக்கொண்டு போய்விட்டது. இரண்டு தகடு வைத்து, நடுவில் பலகை கொடுத்துச் சுட்டதும் உள்ளேயே தங்கிவிட்டது. அப்படியானால் எல்லாம் இரண்டிரண்டு என்று தோட்டத்து வெள்ளைக்காரத் துரை சொல்லிவிட்டார்.

இப்படி ஒவ்வொரு பயத்துக்கும் ஒரு கனம் ஏறியது. ஏறியது எதுவும் இறங்கவில்லை. எஞ்சின் மட்டும் அதே கிழட்டு எஞ்சின்.

டிரைவர் உட்காரும் இடத்தை முழுக்க மூடினார்கள். தலைக்கு மேலே தகடு, முதுகுக்குப் பின்னால் தகடு. முன்கண்ணாடியைக் கழற்றிவிட்டு, மூன்று விரல் நுழையும் அகலத்துக்கு ஓர் இடுக்கு விட்டார்கள். அது வழியாகப் பார்த்துத்தான் அவர் ஓட்ட வேண்டும். இடது பக்கக் கதவு எதற்கு, அதுவும் ஒரு சந்துதானே என்று, அதன் மேலேயே தகட்டை வைத்து அங்கங்கே வெல்டிங் செய்துவிட்டார்கள். மிச்சம் இருந்தது அவர் பக்கத்துக் கதவு ஒன்றுதான்.

ராவாங் ரோட்டில் பட்டாளத்துக் கவச வண்டிகள் போகும். அவற்றைப் பார்த்துவிட்டு வந்தால் அன்றைக்கு முழுக்க அவருக்கு அதே பேச்சு. அந்தச் சக்கரமும் எஞ்சினும் அந்தக் கனத்துக்கென்றே செய்தவையாம். அவர் மனசில் நின்றது அதெல்லாம் இல்லை, வண்டியின் உச்சியில் இருந்த மூடி. "அவனுக்கு எந்தப் பக்கம் கவுந்தாலும் வெளிய வர ஒரு வழி இருக்கு புள்ள," என்றார். அன்று ராத்திரி எனக்கு அந்தப் பாலத்து நினைப்புதான்.

ஏனென்றால் பாலம் அந்த லோரியைத் தாங்காது. எல்லாருக்கும் தெரியும். அதனால் பாலத்துக்கு முன்னால் லோரியை நிறுத்தி, கனம் குறைய எங்களை இறக்கிவிடுவார்கள். நாங்கள் வாளியும் கத்தியுமாகத் திறந்தவெளியில் நடந்து அக்கரைக்குப் போவோம். சுடுகிறவனுக்கு அதைவிட நல்ல இடம் கிடைக்காது. எங்களைக் காப்பாற்றச் செய்த வண்டிக்காக நாங்கள் இறங்கி நடந்தோம் என்பதை நினைத்தால் இன்றைக்கும் எரிச்சலாக வருகிறது. நாங்கள் போன பிறகு அவர் மட்டும் அந்த இரும்புப் பெட்டிக்குள் உட்கார்ந்துகொண்டு மெல்ல உருட்டி வருவார். அக்கரையில் எல்லாரும் குனிந்து உட்கார வேண்டும். நான் உட்கார மாட்டேன். பின்சக்கரம் மண்ணைத் தொடும்வரை நின்று பார்ப்பேன். கான்ஸ்டபிள்கள் திட்டித் திட்டிச் சலித்துப்போனார்கள்.

ஒரு நாள் காலைப் பிரட்டில், பேர் கூப்பிட்டு முடிந்ததும், நான் நேராகத் துரைமுன் போய் நின்றேன். அந்த இடது கதவைத் திறந்து விடச் சொல்லுங்கள் என்று கேட்டேன். ஆபீஸ் கணக்கு எழுதும் கிராணி எனக்காகக் கொஞ்சம் பயந்துகொண்டேதான் அதை இங்கிலீஷில் சொன்னார். துரை கோபப்படவில்லை. நின்று நிதானமாகவே பதில் சொன்னார்.

"ரெண்டு கதவுன்னா ரெண்டு பக்கமும் குண்டு வரும்மா. ஒன் புருசன் உசுரோட இருக்கத்தான் அந்த இரும்புன்னு தொர சொல்றாரு," என்றார் கிராணி.

துரை சொன்னது பொய்யும் இல்லை. பாலத்தைப் பற்றி என்று வாயெடுப்பதற்குள், எங்களை வேலை வாங்கும் மண்டோர் நேரமாகிறது என்று விரட்டிவிட்டார். வீட்டுக்காரர் அன்று முழுக்க என்னைத் "தொரைக்கே மண்டோரு" என்று கேலி செய்தார். அந்தச் சிரிப்பில் சத்து இல்லை.

அடைமழை விட்ட ஒரு காலையில் அது நடந்தது. நாங்கள் அக்கரையில் இருந்தோம். முன்சக்கரம் பாதிப் பாலத்துக்கு வந்தபோது வலது பக்கப் பலகை முறிந்தது. லோரி ஆடி அசைந்து, ஏதோ களைத்துப்போய்ப் படுப்பதுபோல, வலது பக்கமாகக் கால்வாயில் சரிந்தது. அவருடைய ஒரே கதவு சேற்றுக்கு அடியில். வெல்டிங் வைத்த கதவு வானத்தைப் பார்த்துக்கொண்டு மேலே.

நான் கால்வாயில் குதித்து முன்பக்க இடுக்குக்குப் போனேன். உள்ளே தண்ணீர் ஏறும் சத்தம் கேட்டது. இடுக்கில் விரலை விட்டேன். அவர் பிடித்துக்கொண்டார்.

"தண்ணி நெஞ்சுக்குத்தான் நிக்குது. நீ அழுவாத, அடிக்கச் சொல்லு," என்றார்.

பின்பக்கப் பெட்டியில் முளையடிக்கிற சம்மட்டியும் கடப்பாரையும் இருந்தன. பெண்கள் வாளியைப் போட்டுவிட்டு லோரிமேல் ஏறினார்கள். சார்ஜன் குனியுங்கள், குனியுங்கள் என்று கத்திக்கொண்டே இருந்தார். யாரும் குனியவில்லை. அப்புறம் அவரே துப்பாக்கியைக் கீழே வைத்துவிட்டுச் சம்மட்டியை வாங்கினார். அவர் ஓய்ந்ததும் கான்ஸ்டபிள்கள், அவர்கள் ஓய்ந்ததும் எங்கள் பெண்கள். ஒரு முறை நானும் ஏறி அடித்தேன். இரண்டு தகடும் நடுவில் பலகையும். அவ்வளவு நன்றாகச் செய்திருந்தார்கள். அடித்தால் அடி எங்கள் கைக்கே திரும்பி வந்தது. வெல்டிங் ஒவ்வொன்றாக விட்டுக் கடப்பாரை நுழைந்து கதவு வாய் திறந்தபோது தண்ணீர் அவர் தாடைக்கு வந்திருந்தது. தோள் இரண்டும் உரிந்து வெளியே வந்தார்.

பாலத்தை நல்ல மரத்தில் கட்டினார்கள். இடது கதவுக்குக் கீல் வைத்தார்கள். அவர் திரும்பவும் அதே லோரியை ஓட்டினார். வேறு வேலைக்கு எங்கே போவது? நானும் திரும்ப அக்கரையில் நின்றேன், சட்டையைத் துவைத்தேன்.

சண்டை ஓய்ந்த பிறகு தகடுகளைக் கழற்றி ஸ்டோருக்குப் பின்னால் போட்டார்கள். நெளிந்த அந்த இடது பக்கத் தகடு, லயத்துக்கு முன்னால் ஓடும் வாய்க்கால்மேல் நடக்கிற பலகையாக வந்து சேர்ந்தது. தினமும் அதன்மேல் மிதித்துத்தான் வேலைக்குப் போவேன். தோட்டத்துக்குப் புதிதாக வந்த கிராணி ஒருவர் ஒரு நாள் குனிந்து அதன் குழிகளைத் தடவிப் பார்த்தார். இத்தனை குண்டு பட்டிருக்கிறதே என்று வியந்தார். அந்த லோரி ஓடிய காலம் முழுக்க அதன்மேல் ஒரு குண்டுகூடப் பட்டதில்லை.

எனக்கு வாளி கனத்தது. நின்று கதை சொல்ல நேரமில்லை.

"குண்டு இல்லீங்கய்யா," என்றேன். "அது நாங்க அடிச்சது."