மழையை மட்டும் வைத்துக்கொண்டவள்

சித்தப்பாவின் மகள் பாரிஸில் பிரெஞ்சுப் படங்களுக்குப் படத்தொகுப்புச் செய்கிறாள். "கம்ப்யூட்டரில படம் வெட்டி ஒட்டுறாள்" என்று கோயிலில் கேட்பவர்களுக்கு அம்மா சொல்வார். அதற்குமேல் எங்கள் ஒருவருக்கும் தெரியாது.

கைக்குழந்தையாக அந்த நாட்டுக்குப் போனவள். படிக்கும் காலத்திலேயே தமிழ்க் கடைத்தெருவில் ஒரு வீடியோக் கடையில் சேர்ந்து, கலியாண வீடு, பெண்பிள்ளை பெரியவளானதைக் கொண்டாடும் சாமத்திய வீடு என்று வீடியோக்களை வெட்டித் தொகுக்கத் தொடங்கினாள். பிறகு சினிமாக் கல்லூரி. அதன்பின் பல வருடங்கள் இன்னொருவருக்குக் கீழே உதவியாளர். ஒரு முழுநீளப் படம் அவள் பொறுப்பில் வந்தபோது அவளோடு படித்தவர்கள் பலர் சினிமாவையே விட்டுப் போயிருந்தார்கள். அவள் அதைக் குறையாகச் சொன்னதில்லை. "கலியாண வீடியோவிலதான் அக்கா பழகினனான். சொந்தக்காரர் ஒருத்தரையும் வெட்டக்கூடாது, பார்க்கிற ஆக்களுக்கு அலுக்கவும் கூடாது" என்பாள்.

போன வருடம் மெல்பேர்னில் பிரெஞ்சுப் படங்கள் திரையிட்டபோது அவள் தொகுத்த படமும் வந்தது. புறநகரான வெரிபீயில் எங்கள் வீட்டில் வந்து தங்கினாள். அம்மா, அவள், நான் மூவருமாக ரயிலேறி நகரத்துக்குப் போனோம். அம்மா பட்டுச்சேலை உடுத்தியிருந்தார்.

"நீ எந்த இடத்தில வாறாய் பிள்ளை?"

"நான் வரமாட்டன் பெரியம்மா. கடைசியில பேர் மட்டும் போகும்."

கணவனை அடக்கம் செய்துவிட்டு வீடு திரும்பும் பெண்ணின் கதை அது. அவள் பிரிட்ஜைத் திறக்கிறாள். அவன் பாதி சாப்பிட்டு மூடிவைத்த கிண்ணம் உள்ளே இருக்கிறது. கதவை மூடுகிறாள். அடுத்த காட்சியில் பஸ்ஸில் வேலைக்குப் போகிறாள். அம்மாவுக்குப் பிரெஞ்சு தெரியாது. கீழே ஓடிய ஆங்கிலத்தையும் அவரால் பிடிக்க முடியவில்லை. ஆனாலும் அந்த பஸ் வந்ததும் சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

வெளியே கோப்பி குடிக்கும்போது அந்தக் காட்சியைப் பற்றி அவளிடம் கேட்டேன்.

"அந்த நடிகை கிண்ணத்தைப் பிடிச்சுக்கொண்டு அழுத காட்சியும் இருந்தது. அருமையா அழுதவ. டைரக்டருக்கு அதை விட மனமில்லை. நான்தான் வெட்டினனான்."

"ஏன்?"

"அவ அழுதா நாங்கள் சும்மா பார்த்துக்கொண்டு இருந்திடுவம் அக்கா."

மெல்பேர்னைச் சுற்றிக் காட்ட நான் லீவு போட்டிருந்தேன். மறுநாள் காலையே அவளுடைய புதிய படத்தின் இயக்குநர் பாரிஸிலிருந்து அழைத்தார். அம்மா சமைத்துக்கொண்டிருந்த குசினிக்குப் பக்கத்து மேசையிலிருந்து பேசினாள். நெடுநேரம் கேட்டாள், கொஞ்சமாகத்தான் பேசினாள். குரல் ஒருமுறைகூட உயரவில்லை.

"என்னவாம்?" என்றேன்.

"கொட்டுற மழையில மகளை நிக்கவிட்டுக் கஷ்டப்பட்டு எடுத்த காட்சி. நான் தூக்கிட்டன். திரும்ப வேணுமாம்."

"நல்லா இல்லையா?"

"நல்ல காட்சிதான். ஆனா அதைப் பார்த்தா, மகள் வீட்டை விட்டுப் போகப்போறாள் எண்டு தகப்பனுக்குத் தெரியிறதுக்கு முதல் எங்களுக்குத் தெரிஞ்சிடும்."

மடிக்கணினியைத் திறந்து உட்கார்ந்தவள் சாப்பாட்டுக்கும் எழும்பவில்லை. அம்மா தட்டைக் கொண்டுபோய்ப் பக்கத்தில் வைத்தார். சாயந்தரம் ஹெட்போனை என்னிடம் தந்தாள். திரையில் தகப்பன் தனியே உட்கார்ந்து சாப்பிடுகிறார். மகளைக் காணவில்லை. வெளியே மழை பெய்யும் சத்தம் மட்டும் கேட்கிறது. அவர் நிமிர்ந்து ஜன்னலைப் பார்க்கிறார், மறுபடி சாப்பிடுகிறார். இன்னொருமுறை போடச் சொன்னேன்.

"டைரக்டர் கேட்ட மழை இருக்குது. காட்சியைத்தான் தூக்கிட்டன்" என்றாள்.

அடுத்த நாள் இயக்குநரிடமிருந்து பதில் வந்தது. படித்துவிட்டுச் சிரித்தாள்.

"ஓம் எண்டிட்டாரா?" என்று அம்மா குசினியிலிருந்து கேட்டார்.

"ஓம் பெரியம்மா. மழைச் சத்தத்தை இன்னும் கொஞ்சம் கூட்டட்டாம்."

பிறகு கணினியை மூடிவைத்துவிட்டு, இங்கே கடற்கரை எவ்வளவு தூரம் என்று என்னிடம் கேட்டாள்.