படித்துறையில் மட்டும் பாட்டு இல்லை

பழைய வீடியோ தேடிக் கொடுப்பது என் வேலை. சென்னையில் ஏசியில் உட்கார்ந்து, காவிரியில் அந்தக் காலத்து வெள்ளம் வேண்டும் என்று டிவிக்காரர்கள் சுலபமாகச் சொல்லிவிடுவார்கள். வெயிலில் அலைவது நான். மலைக்கோட்டையைச் சுற்றி எந்த ஸ்டுடியோவில் கேட்டாலும், கேசட்டையெல்லாம் எடைக்குப் போட்டாச்சு என்ற ஒரே பதில். நாய் படாத பாடு. அலுத்துப்போய்விட்டது எனக்கு.

கடைசியில் எடமலைப்பட்டி புதூரில் ஒரு அம்மாவிடம் அவருடைய கல்யாணக் கேசட் இருந்தது. ஐப்பசிக் கல்யாணம். மறுநாள் பெண்ணும் மாப்பிள்ளையும் ஸ்ரீரங்கம் கோயிலுக்குப் போனபோது ஆற்றில் வெள்ளமாம். வீடியோக்காரரும் கூடவே போனாராம். கணவர் இறந்து பல வருடம் ஆகிவிட்டது. பிளேயர் கெட்டு, அந்த அம்மா கேசட்டைப் பார்த்தும் அதே அளவு காலம் ஆகிவிட்டது. காசெல்லாம் வேண்டாம் என்றார்.

"அவரு குரல் அதுல இருந்தா போதுங்க. போட்டோ நிறைய இருக்கு. குரல்தான் மறந்தே போச்சு."

முகூர்த்தத்திலிருந்து பந்தி வரை சினிமாப் பாட்டை ஏற்றி, யார் பேசியதும் கேட்காமல் செய்துவிடுவார்கள் நம் ஊர் வீடியோக்காரர்கள். அதுதான் அழகு என்று எல்லோருக்கும் நினைப்பு. இதை அவரிடம் சொல்லாமலே கேசட்டை வாங்கிப் பையில் வைத்துக்கொண்டேன்.

பாலக்கரையில் பழைய பிளேயர் வைத்திருக்கும் நண்பர் வீட்டில் போட்டுப் பார்த்தோம். அந்த அம்மாவும் வந்திருந்தார். மாலை மாற்றும்போது பாட்டு, தாலி கட்டும்போது பாட்டு. மாப்பிள்ளை ஏதோ சொல்லிச் சிரிக்கிறார், வாய்தான் அசைகிறது. பாடியவர் என்ன பாவம் செய்தார், அவர்மேல்கூட எனக்கு எரிச்சல் வந்தது. அந்த அம்மா முந்தானையை விரலில் சுற்றுவதும் பிரிப்பதுமாக இருந்தார்.

கேசட் முடியும் இடத்தில், பாட்டுப் போடாமல் விட்டுப்போன ஒரு துண்டு. ஸ்ரீரங்கத்து அம்மா மண்டபம் படித்துறை, செம்மண் நிறத்தில் வெள்ளம், ஓவென்ற சத்தம். நடுவில் ஒரு ஆண்குரல்.

"அங்க நிக்காத, வழுக்கும். இங்க வா."

இன்னொரு தடவை போடச் சொன்னார் அந்த அம்மா. பிறகு இன்னொரு தடவை. அழவில்லை. நான்தான் கண்ணைத் துடைத்துக்கொண்டேன்.

"டிவியிலயும் இப்படியே வரட்டும். அவரு பேசினத எல்லாரும் கேக்கணும்" என்றார். அது ஒன்றுதான் அவர் கேட்டது. அவருக்கு ஒரு பிரதி எடுத்துக் கொடுத்தேன். டிவி நிகழ்ச்சியின் டைரக்டரிடம் சத்தத்தை எடுத்துவிடாதீர்கள் என்று போனில் கெஞ்சினேன். சரி சார், சரி சார் என்றார்.

நிகழ்ச்சி வந்த அன்று அந்த அம்மா சொந்தக்காரர்களையெல்லாம் கூப்பிட்டு உட்கார வைத்திருந்தாராம். நானும் என் வீட்டில் பார்த்தேன். படித்துறை வந்தது, வெள்ளம் வந்தது. மேலே வயலின், அதற்கும் மேலே காவிரியின் பெருமை பேசும் ஒரு கனத்த குரல். டிவியை அணைப்பதற்குள் போன் அடித்தது.

"இவங்களும் பாட்டு போட்டுட்டாங்களேங்க" என்றார்.