கையால் பார்த்த வீடுகள்

நான்கு நாட்களில் மூன்று வீடுகளில் திருட்டு. மூன்றும் மின்சார மீட்டர் கணக்கெடுப்பவர் போய்வந்த வீடுகள். மூன்றுக்கும் அவருடைய குறிப்பேட்டில் கதவு எண்ணுக்கு நேரே ஒரே மாதிரி கொக்கி வடிவக் குறி போட்டிருந்தது. ஒரு வீட்டு வாசலில் அவர் தவறவிட்ட குறிப்பேட்டை அந்த வீட்டு அம்மாள் நேரே காவல் நிலையத்தில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டார்.

ஸ்டேஷன் பெஞ்சின் ஓரத்தில் மீட்டர்காரர் ஒடுங்கி உட்கார்ந்திருந்தார். ஆள் அப்படியொரு சாது. கேட்டுக்குள் நாய் குரைத்தால் அதற்கும் ஒரு 'சார்' போடுவார் என்று ஆபீசில் அவரைக் கிண்டல் செய்வார்கள்.

பதினாலு வயதிலிருந்து அவர் மனதுக்குள் ஒரு கூட்டம் குடியிருந்தது. மலையின் வயிற்றுக்குள், வெயிலே படாமல் வாழும் ஜனங்கள். அவர்களுக்கு நிறத்துக்குச் சொல் கிடையாது. எதிரொலிக்கு மட்டும் நாற்பது சொல். அந்த மொழியையும் எழுத்தையும் இலக்கணத்தையும் அவரே உண்டாக்கினார். கல்யாணமான புதிதில் மனைவியிடம் ஆசையாகச் சொன்னபோது அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். அதோடு வாயை மூடிக்கொண்டவர், அன்றன்றைய நடப்பை அந்த மொழியில் எழுதிவைப்பதை மட்டும் விடவில்லை.

இன்ஸ்பெக்டர் அதட்டவே இல்லை. அதுதான் அவரை இன்னும் பயமுறுத்தியது.

"இது எந்த பாஷை?"

"எந்த ஊரு பாஷையும் இல்ல சார். நானே உண்டாக்கினது."

"யார் பேசுறாங்க?"

"மலைக்குள்ள இருக்கிற ஜனங்க."

"அவங்க எங்க இருக்காங்க?"

"அவங்களையும் நான்தான் சார் உண்டாக்கினேன்."

எழுதிக்கொண்டிருந்த ஏட்டு பேனாவை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தார். இன்ஸ்பெக்டர் கொக்கியின் மேல் விரலை வைத்தார். ஏழு வீடுகளுக்கு இது இருக்கிறது, அதில் மூன்றில் திருட்டு, என்ன அர்த்தம் என்று கேட்டார். உண்மையைச் சொன்னால் மீட்டர்காரருக்கு வேலை போய்விடும்.

"நாய் இருக்குன்னு அர்த்தம் சார்."

அந்த எழுத்தைப் பற்றி விசாரிக்க மனைவியை அழைத்துவர ஆள் போயிற்று. பள்ளிச் சீருடை தைக்கும் கடையிலிருந்து, கழுத்தில் அளவு நாடாவோடு அப்படியே ஓடிவந்தாள். அவளை அவர் கண்ணில் காட்டாமல் பக்கத்து அறையில் உட்காரவைத்தார்கள். நடுவே வெறும் பலகைத் தடுப்புதான். பேசுவது இந்தப் பக்கம் கேட்டது. அவளுக்கு ஓர் எழுத்துகூடத் தெரியாதே, 'தெரியாது' என்றாலே தன் கதை முடிந்ததே என்று அவர் கண்ணை இறுக்க மூடிக்கொண்டார்.

தாள் புரளும் சத்தம். பிறகு அவள் குரல்.

"இது நுமேலா."

அவருக்கு மயிர்க்கூச்செறிந்தது. அவர் வாயைத் தவிர இன்னொரு வாய் அந்தச் சொல்லைச் சொன்னது அதுதான் முதல் தடவை.

"கையால பாத்ததுன்னு அர்த்தம் சார். அந்த ஜனங்களுக்கு வெளிச்சம் கிடையாது, தடவித்தான் பாப்பாங்க. கண்ணு தெரியாம குத்துமதிப்பா நம்பர் எழுதின வீட்டுக்கெல்லாம் இவரு அதைப் போடுவாரு."

உனக்கெப்படித் தெரியும் என்று இன்ஸ்பெக்டர் கேட்டார்.

"பழைய நோட்டு ஒண்ணுல ஒவ்வொரு எழுத்துக்கும் சொல்லுக்கும் தமிழ்ல அர்த்தம் எழுதி வச்சிருக்காரு. இவரு குளிக்கப் போற நேரத்துல எடுத்துப் படிப்பேன். பதினெட்டு வருஷமா. மொதல்ல சிரிச்சுத் தொலைச்சிட்டேன். அப்புறம் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு சொல்லிக்கொடுன்னு கேக்குறது?"

குறிப்பேட்டின் அந்தப் பக்கத்தை முழுதாகப் படிக்கச் சொன்னார்கள். வலது கண்ணில் புகை மூடுகிறது, ஆபீசுக்குத் தெரிந்தால் தொலைந்தேன் என்பதுவரை தடங்கலில்லாமல் படித்தாள். 'வீட்டில் சொல்லவில்லை' என்ற இடத்தில் குரல் இறங்கிவிட்டது. அவராகச் சொல்லட்டும் என்று நான்கு மாதமாகக் காத்திருந்தவள் அவள்.

இன்ஸ்பெக்டர் திரும்பி வந்து, "நாய், இல்ல?" என்றார்.

ஏட்டு டார்ச்சோடு ஏழு வீட்டுக்கும் போய்வந்தார். எல்லா மீட்டரும் இருண்ட பின்சந்தில், மாடிப்படிக்கு அடியில் இருந்தன. எழுதிய எண் எதுவும் சரியில்லை. ஒரு வீட்டில்கூட நாய் இல்லை. திருடர்களுக்கும் அதே இருட்டுதான் வசதியாக இருந்திருக்கிறது. ஊரை விட்டுப் போகக்கூடாது என்று சொல்லி சாயங்காலம் அனுப்பிவைத்தார்கள். திருடர்கள் பிடிபட ஒன்பது நாள் ஆயிற்று. அதுவரை கதவு தட்டும்போதெல்லாம் அவர் சமையலறைக்குள் போய் நின்றுகொண்டார்.

ஆபீசில் விசாரணை வைத்தார்கள். வேலை போகவில்லை, தெருவிலிருந்து எடுத்து ஸ்டோர் அறையில் போட்டார்கள். கண்ணில் இருந்தது புரைதான், அரைமணி நேரத்தில் எடுத்துவிடலாம் என்று டாக்டர் சாதாரணமாகச் சொன்னார். அவருக்கு அது சாதாரணமாக இல்லை. ஆபரேஷன் அன்று சொட்டு மருந்து விட்டுப் படுக்கவைத்ததும் கட்டில் விளிம்பை இறுகப் பற்றிக்கொண்டார். மனைவி அவர் காதருகே குனிந்து, மலை ஜனங்களின் மொழியில் 'பயப்படாதே' என்று சொல்லப் பார்த்தாள். கடைசி எழுத்து தப்பிப்போய் அது 'எதிரொலிக்காதே' என்று ஆகிவிட்டது. திருத்த அவருக்கு மனம் வரவில்லை. சரி என்று தலையை மட்டும் ஆட்டினார்.