செத்துச் செத்து நடித்த மாமா

இழவு வீட்டுக்குப் போய் வந்த என் கணவர், வாசல் குழாயடியில் தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். அந்தச் சத்தம் என்னை, நான் வளர்ந்த மலேசியக் கோலா சிலாங்கூர் ரப்பர் தோட்டத்து லயத்து வீட்டுக்கே கொண்டுபோய்விட்டது.

எண்பதுகளில் தோட்டத்து லோரி ஓட்டிய எங்கள் மாமா, டிவி நாடகங்களில் துணை நடிகர். வசனம் அதிகம் கிடையாது. எந்த வேஷமானாலும் பாதியிலேயே செத்துவிடுவார். மூக்கில் பஞ்சும் கழுத்தில் மாலையுமாக அவர் கிடக்கும்போது, தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணி வீட்டு டிவி முன்னால் நாங்கள் கைதட்டுவோம்.

"மூச்சுகூட விடாம கெடக்காரு லா!" என்று, தோட்டத்தில் எங்களை வேலை வாங்கும் மண்டோர்கூட மெச்சுவார்.

அத்தைக்கு மட்டும் பொறுக்காது. படப்பிடிப்பு முடிந்து மாமா வந்ததும் வாளியோடு வாசலில் மறிப்பார்.

"எழவுக்குப் போனவங்க குளிக்காம உள்ள வரக்கூடாது."

"அது என் எழவுதானே புள்ள?"

"யாரு எழவா இருந்தா என்ன? குனிங்க!"

முகத்துப் பவுடரும் பொய் ரத்தமும் வழிந்தோட, மாமா சிரித்துக்கொண்டே குனிவார். ஒரு நாடகத்திலாவது கடைசிவரை உயிரோடு இருக்கவேண்டும் என்பதுதான் அவர் ஆசை.

இதெல்லாம் நினைவுக்கு வர, உடனே மாமாவுக்குப் போன் போட்டேன். கிழவராகியும் நடிப்பை விடவில்லை.

"பாப்பா, இப்பத் தாத்தா வேஷம்! குடும்பமே செத்துப்போகுது. நான் மட்டும் கடைசி வரைக்கும் இருக்கேன் லா!"

அவர் குரலில் அப்படியொரு பூரிப்பு. பின்னாலிருந்து அத்தை கத்தினார்:

"பாப்பா, அத்தன எழவுக்குப் போயிட்டு வந்திருக்காரு. வாளி வெளியதான் இருக்குன்னு சொல்லு!"