திருதா கண்டுபிடித்த அந்நியப் பாம்பு

திருவேங்கடம் பவானிபூரில் பிறந்தவர். அவருடைய அப்பாவும் அங்கேதான் பிறந்தார். தாத்தா மட்டும் ரயிலேறி வந்தவர். அந்த ஒரு டிக்கெட்டைக் கல்கத்தா இன்னும் மறக்கவில்லை. துறைமுகத்தில் கணக்கு அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்ற மனிதர், தமிழைவிட வங்காளத்தைத் திருத்தமாகப் பேசுவார். ஆனாலும் ஒவ்வொரு துர்கா பூஜைக்கும் யாராவது ஒருவர் அன்போடு கேட்பார், "தேஷுக்கு எப்போ கிளம்பறீங்க?" என்று. தேஷ் என்றால் சொந்த ஊர். "தேஷ் பவானிபூர்தான், பஸ் பிடிச்சா போயிடலாம்" என்று இவரும் சளைக்காமல் சொல்வார். கேட்டவர் சிரித்துவிட்டு, மெட்ராஸில் மழையா என்று விசாரிப்பார். சாவதற்குள் ஒரு தடவையாவது 'நம்ம ஆள்' என்று யார் வாயாலாவது கேட்டுவிட வேண்டும் என்பதுதான் அவருடைய ஆசை.

ஓய்வுப் பணத்தில் பைபாஸுக்கு அப்பால் ஃப்ளாட் வாங்கினார். நகரத்துச் சாக்கடை நீரில் மீன் வளர்க்கும் பெரிய குளங்களை அங்கே பேரி என்பார்கள். அதில் ஒன்றைத் தூர்த்து அடுக்ககம் கட்டி, மிச்சமிருந்த பக்கத்துப் பேரியைக் காட்டி 'ஏரிக் காட்சி' என்று விற்றார்கள். குளம் இருந்தால் பாம்பும் இருக்கும் என்பதை விளம்பரத்தில் போடவில்லை.

மழை பிடித்ததும் கார் நிறுத்துமிடத்தில் ஒரு பாம்பு வந்து படுத்தது. அடுக்ககச் சங்கச் செயலாளர் சான்யால் நேராகத் திருவேங்கடத்தின் கதவைத் தட்டினார். அவர் வாயில் திருவேங்கடம் 'திருதா', அதாவது திரு அண்ணா.

"திருதா, அமெரிக்கா போய் மலைப்பாம்பு பிடிச்சது உங்க ஆளுங்கதானே? பேப்பர்ல வந்ததே."

ஃப்ளோரிடாவுக்குப் போனவர்கள் தமிழ்நாட்டு இருளர்கள். பாம்பு பிடிப்பது அவர்களுக்குத் தலைமுறைத் தொழில். திருவேங்கடமோ மேலே பல்லி விழுந்தால் குளித்துவிட்டுப் பஞ்சாங்கம் புரட்டும் வம்சம். சான்யாலுக்கு விந்தியத்துக்குத் தெற்கே எல்லாம் ஒரே தெரு. எனக்குத் தெரியாது என்று சொல்லியிருக்கலாம். ஆனால் ஒரு வங்காளி தன்னிடம் உதவி கேட்டு நிற்கும்போது அந்த வார்த்தை எப்படி வாயில் வரும்?

கீழே போனார். மூலையில் கட்டம் போட்ட உடம்போடு பாம்பு சுருண்டிருந்தது. இவரைவிட அது அதிகம் பயந்திருந்தது என்று சொல்ல முடியாது. எல்லோரும் வழிவிட்டு, பிடியுங்கள் என்றார்கள். உயிர் போகிற சமயத்தில் ஒரு சொல் வந்து காப்பாற்றியது.

"யாரும் தொடாதீங்க. இது இந்த ஊர்ப் பாம்பே இல்லை. பொஹிராகதோ."

வெளியிலிருந்து வந்தவன் என்று அர்த்தம். தேர்தல் சமயத்தில் ஒருவர் மேல் ஒருவர் வீசிக்கொள்ளும் சொல். திருவேங்கடமே அதைப் பலமுறை முதுகில் வாங்கியிருக்கிறார். கூட்டத்துக்கு உடனே விளங்கிவிட்டது.

அவர் மனைவி ஜகதாம்பாள் மன்னார்குடிக்காரி. எட்டிப் பார்த்துவிட்டுத் தமிழில் சொன்னாள், "ஏன்னா, இது தண்ணிப்பாம்புன்னா. எங்காத்துக் குளத்துல எத்தனை பார்த்திருக்கேன்."

"பௌதி என்ன சொல்றாங்க?" என்றார் சான்யால். பௌதி என்றால் அண்ணி.

"விஷம் ஜாஸ்தியாம்" என்று மொழிபெயர்த்தார் திருவேங்கடம்.

ஞாயிற்றுக்கிழமை சமோசாவோடு அவருடைய சொற்பொழிவு நடந்தது. செல்லத்துக்கு வளர்த்த மலைப்பாம்புகளை ஃப்ளோரிடா சதுப்பில் விட்டதையும், அவை முயல், நரி, பறவை என்று விழுங்கிச் சதுப்பையே ஊமையாக்கியதையும் படம் போட்டுக் காட்டினார். எல்லாம் உண்மை. அதே சாதி மலைப்பாம்புக்கு வங்காளத்தின் வடக்குப் பக்கம் பூர்வீகம், அங்கே வந்தேறி இங்கே வீட்டுக்காரன், என்பதை மட்டும் நேரமின்மையால் விட்டுவிட்டார்.

பாம்பென்றால் படையும் நடுங்கும் என்பார்கள். இங்கே படைதான் தடியோடு பாம்பைத் தேடி அலைந்தது. தண்ணீர்ப் பாம்பு, சாரை, எதையும் விடவில்லை. செத்ததெல்லாம் அந்நியப் பாம்பு. ஓடித் தப்பியது மட்டும் உள்ளூர். திருவேங்கடம் மீன் கடைவரை 'ஆமாதேர் திருதா' ஆனார். நம்ம திருதா. அந்த 'நம்ம'வைக் கேட்பதற்காகவே தினம் மீன் கடைப் பக்கம் நடந்தார், மீன் சாப்பிடாதவர்.

தின்ன ஆளில்லாமல் எலிகள் பெருகின. பேரியின் கரையெல்லாம் வளை. சித்திரைக்கு முந்தைய புயல் மழையில் கரை பிய்த்துக்கொண்டது. கார்களுக்கு அடியில் மீன்குஞ்சுகள் துள்ளிச் செத்தன. கொக்குகள் விருந்து சாப்பிட்டன. பேரியை நம்பியிருந்த குடும்பங்கள் கரையில் உட்கார்ந்து அழுததை மாடியிலிருந்து பார்த்த திருவேங்கடத்துக்குச் சோறு இறங்கவில்லை. தன் ஒரு சொல் செய்த வேலை இது என்று அவருக்குத் தெரியும்.

சங்கம் கூடி ஆராய்ந்தது. கரையைத் துளைத்தது மிச்சமிருந்த அந்நியப் பாம்புகள்தான் என்று முடிவானது. வங்காளப் புத்தாண்டு விழாவில் திருதாவுக்குப் பாராட்டு, மறுநாள் காலை இரண்டாவது வேட்டை.

"மேடையிலேயே சொல்லிடுங்கோ" என்றாள் ஜகதாம்பாள். "தண்ணிப்பாம்புதான், பயத்துல உளறிட்டேன்னு. மிச்சம் இருக்கறதாவது பிழைச்சுப் போகட்டும்."

'நம்ம' போய்விடும். போனால் போகட்டும் என்று துணிந்து, நல்ல வங்காளத்தில் நாலு வாக்கியம் தயார் செய்துகொண்டு மேடையேறினார். சான்யால் உத்தரீயம் போர்த்தினார். சந்தேஷ் இனிப்பை ஊட்டிவிட்டார். பிறகு ஒலிபெருக்கியைப் பிடித்துப் பேசினார்.

"நாங்க இந்த மண்ணுல பிறந்தவங்க, எங்களுக்குத் தெரியலை. வெளியாளை அடையாளம் காட்ட ஒரு வெளியாள்தான் வரவேண்டியிருந்தது. அவர்தான் நம்ம திருதா."

அன்பில் துளியும் குறைவில்லை. அரங்கம் நெடுநேரம் கைதட்டியது. ஒலிபெருக்கியைக் கையில் வாங்கிய திருவேங்கடம், நன்றி என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கினார்.

"சொல்லிட்டேளா?" என்று கேட்டாள் ஜகதாம்பாள்.

"யார் வெளியாள்னு சான்யாலே சொல்லிட்டாரே" என்றார்.

மறுநாள் காலை, அந்த 'நம்ம'வாவது மிஞ்சட்டும் என்று வேட்டைப் படைக்கு முன்னால் நடந்துபோய், எது அந்நியப் பாம்பு என்று அவரே விரலை நீட்டிக் காட்டினார்.