கள்ளிமுளையான் பூக்கும் இடம்

சீகிரியாப் பக்கம் ஒரு ஹோட்டலில் தோட்ட வேலை செய்கிறேன். போன மாதம் செடி ஆராய்ச்சி செய்கிற ஒரு மிஸ் வந்து தங்கினார். பாறையில் முளைக்கிற கள்ளிமுளையானைப் பூவோடு பார்க்க வேண்டும் என்றார். எனக்கு இடம் தெரியும். மேனேஜர் என்னை அனுப்பினார்.

அந்தச் செடிக்கு இலை கிடையாது. விரல் தடிப்பில் நாலு பட்டைத் தண்டு, உள்ளே தண்ணீர். நாங்கள் எல்லாவற்றையும் ஒரே பெயரில்தான் சொல்வோம். அப்படி இல்லை என்றார் மிஸ். தண்டு நெடுகத் தனித்தனியாகப் பூத்தால் ஓர் இனம், நுனியில் கொத்தாகப் பூத்தால் வேறு இனமாம். முன்பு இரண்டையும் ஒன்றாக வைத்திருந்த ஆராய்ச்சிக்காரர்கள் பிறகு பிரித்து, கொத்தாகப் பூக்கிறதைச் சின்னதாய்த் தனிப் பிரிவில் சேர்த்தார்களாம்.

பாறை மேல் கொத்துப் பூ இருந்தது. கறுத்த சிவப்பு. ஈ மொய்த்தது. செத்த எலி நாற்றம். மிஸ் மூக்கை வைத்தே முகர்ந்தார்.

"இதை ஹோட்டல் மேசையில வச்சா வெள்ளைக்காரங்க அன்னைக்கே ரூமைக் காலி பண்ணிருவாங்க மிஸ்" என்றேன். சிரித்தார்.

அந்த நாற்றம் எனக்குப் பழக்கம். ஏழு வருடத்துக்கு முன் என் அண்ணன் மாடு தேடிக் காட்டுக்குள் போனார். வரவில்லை. ஊர்க்காரர்களோடு தேடினோம். இரண்டாம் நாள் இதே பாறையில் நாற்றம் அடித்தது. பதறி ஏறிப் பார்த்தால் இந்தப் பூ. மூன்றாம் நாள் கீழே ஓடைப் பக்கம், மரநிழலில், அதே நாற்றம். ஒருவர் முள்ளுக்குள் நுழையப் பார்த்தார். அந்தப் பூதான், வாங்க போவோம் என்று சிங்களத்தில் சொன்னேன். எல்லோரும் திரும்பினார்கள். அண்ணன் இன்றுவரை கிடைக்கவில்லை.

அதற்குப் பிறகு சோற்றுக்கு முன்னால் உட்கார்ந்தாலும் சில நாள் அந்த நாற்றம் வரும். எழுந்துவிடுவேன்.

ஓடைப் பக்கமும் இருக்கிறது என்று மிஸ்ஸைக் கூட்டிப் போனேன். சுற்றிப் பார்த்தார்.

"இங்க வராது அண்ணே. இதுக்கு வெயில் வேணும், வெறும் பாறை வேணும்."

"நல்லா பாருங்க மிஸ்."

"நீங்க பூவைப் பார்த்தீங்களா?"

"மணந்தான் வந்துச்சு."

"பார்க்காததை எழுத ஏலாது அண்ணே."

மறுநாள் கத்தியோடு தனியாகப் போனேன். முள்ளை வெட்டினேன். மண்ணைக் கிளறினேன். சருகுதான். ஏழு மழை போன இடம்.

அண்ணி இன்னும் பொட்டு வைக்கிறார். ஓடையிலும் பூதான் என்று அன்றைக்கு அவரிடம் சொன்னவன் நான். சாயங்காலம் அவர் வீட்டுக்குப் போனேன். பைப்படியில் வாளி நிரம்பிக்கொண்டிருந்தது.

"அண்ணி, ஓடைக்கிட்ட வந்தது பூ மணமில்ல" என்றேன்.

பைப்பை மூடினார்.

"தம்பிக்கு அன்னைக்கே தெரியுமா?"

தெரியாது என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "போய்ப் பார்க்கப் பயந்துட்டேன் அண்ணி" என்றேன்.