மண் சுமந்தவள் சொன்ன சாட்சி

உச்சிப்புளிக்கு மேற்கே எங்கே கிணறு வெட்டினாலும் இருளம்மாளைக் கூப்பிடுவார்கள். பதினைந்து வயதிலிருந்து மண் சுமந்தவள். புருஷன் செத்தபின் இரண்டு பெண்பிள்ளைகளை வளர்த்ததும் அந்தக் கூடையை நம்பித்தான். எந்தக் கிணற்றில் எத்தனையாவது அடியில் தண்ணீர் கண்டது என்று கேட்டால் யோசிக்காமல் சொல்லுவாள்.

பாம்பன் ரோட்டுப் பாலம் திறந்த மறுவருஷம், மாசியில், உக்கிரபாண்டி தன் தென்னந்தோப்பு ஓரத்தில் பெரிய கிணறு ஒன்று வெட்டினார். அனுமதி எதுவும் வாங்கவில்லை. வேலிக்கு அந்தப் பக்கம் பூமயிலின் மிளகாய்க் காடு; முப்பதடியில் அவள் கிணறு. வெட்டு நடந்த இருபது நாளும் மண் சுமந்த இருளம்மாள், தாகமெடுத்தால் பூமயில் கிணற்றில் இறைத்துத்தான் குடித்தாள்.

உக்கிரபாண்டி புதுக்கிணற்றில் எஞ்சினை வைத்து ஓயாமல் இறைத்து, ராமேசுவரத்து லாட்ஜுகளுக்கு லாரியில் தண்ணீர் விற்றார். அந்தக் கோடையிலேயே பூமயிலின் கிணறு கரிக்கத் தொடங்கியது. மிளகாய்ச் செடிகள் கருகின. அவள் ராமநாதபுரம் கோர்ட்டுக்குப் போனாள். “அது பாட்டன் காலத்துக் கிணறு, தூர்தான் வாரினேன்” என்று உக்கிரபாண்டி பதில் போட்டார்.

அதற்குச் சாட்சி வேண்டுமல்லவா? இருளம்மாளை வரச் சொன்னார்.

“பழைய கெணறுன்னு ஒரு வார்த்தை சொல்லு, போதும்.”

“நாந்தான மொதலாளி மண்ணு சுமந்தேன்.”

“நீ குடியிருக்கிற எடம் யாருதுன்னு தெரியும்ல?”

அவளுக்குத் தெரியும்.

கோர்ட்டில் பூமயில் முன்பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். பூமயிலின் வக்கீல் கேட்டார்: “இந்தக் கிணத்துல நீங்க மண் சுமந்தீங்களா, இல்லையா?”

“இல்லங்கய்யா. எனக்கு வெவரம் தெரிஞ்ச நாள்லேருந்து அந்தக் கெணறு அங்கனதான் இருக்கு.”

சொல்லும்போது அவள் குரல் நடுங்கவே இல்லை. பின்னாளில் அவளை அதிகம் வதைத்தது அதுதான். இத்தனை சுளுவாக வந்துவிட்டதே!

வழக்கு தள்ளுபடியானது. அதன்பின் பூமயில் வருவது தெரிந்தால் இருளம்மாள் வேறு பாதையில் திரும்பிவிடுவாள். இரண்டு வருஷத்தில் உக்கிரபாண்டியின் கிணறும் ஊர்க் கிணறுகளும் உப்பேறின. லாரி வருவது நின்றது. ஊர் முழுக்கக் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஒன்றரை மைல் நடந்தது. அந்தக் கூட்டத்தில் மகள்களும் போவதைப் பார்த்தபோது இருளம்மாளுக்குத் தாங்கவில்லை. பூமயில் வீட்டுக்குப் போய் வாசலிலேயே நின்றாள்.

“யக்கா, அன்னைக்கு நான் சொன்னது பொய்.”

பூமயில் நெற்றுத் தேங்காய் உரித்துக்கொண்டிருந்தாள். “எனக்குத் தெரியாதா? என் கண்ணு முன்னாலதான சுமந்த?”

“அப்பீலு போங்கக்கா. நான் வந்து உள்ளதைச் சொல்றேன்.”

“எதுக்குப் போக? காட்டுல என்ன நிக்குது இப்ப?”

“ஒரு வார்த்தை திட்டக்கூடாதா என்னைய?”

பூமயில் நிமிர்ந்து பார்த்தாள். “திட்டிப்புட்டா ஒனக்குச் சரியாப்போயிரும். போ, பிள்ளைக தேடும்.”

அந்த மாதமே இருளம்மாள் உக்கிரபாண்டியின் இடத்தைக் காலி செய்தாள். வாய்க்கால் புறம்போக்கில் ஓலைக்குடிசை போட்டாள். யாரும் அவளைப் போகச் சொல்லவில்லை. எந்த இடத்துக்காகப் பொய் சொன்னாளோ, அங்கே படுத்தால் தூக்கம் பிடிக்கவில்லை, அவ்வளவுதான்.

சாமான்களைச் சுமந்துகொண்டு போனபோது ஊர்ப் பெண்கள் கேட்டார்கள்: “நல்ல வீட்டை விட்டுட்டு ஏன்டி அங்கன போற?”

உள்ளதைச் சொல்ல வாயெடுத்தாள். பெரிய மகள் பக்கத்தில் நின்றாள்.

“செவுரு விரிஞ்சுபோச்சு” என்றாள் இருளம்மாள்.